விஜய் ஐயர்: ‘நம்ம ஆளு’ன்னு சொல்றதுக்கு முன்னாடி

(ஆடியோ எபிசோடின் எழுத்து வடிவம். பேச்சின் போக்கு மாறாமல், படிக்க வசதியாகச் சுருக்கித் திருத்தியிருக்கிறோம்.)

திருச்செந்தூரிலிருந்து பேசுகிறேன். பின்னாடி லேசா ஒரு இரைச்சல் கேட்டால் அது மைக் கோளாறு இல்லை, கடல்.

இன்றைக்கு ஒரு ஜாஸ் பியானோ கலைஞரைப் பற்றிப் பேசப் போகிறோம். பெயர் விஜய் ஐயர். அமெரிக்காவில் பிறந்து வளர்ந்தவர். அப்பா அம்மா தமிழ்நாட்டிலிருந்து போனவர்கள். ‘ஜீனியஸ் கிராண்ட்’ என்று ஊரே சொல்லும் மெக்கார்தர் ஃபெலோஷிப் 2013-ல் அவருக்குக் கிடைத்தது. அடுத்த வருஷமே ஹார்வர்டில் பேராசிரியர். ஜாஸ் உலகின் பழைய பத்திரிகையான ‘டவுன்பீட்’ நடத்தும் விமர்சகர் வாக்கெடுப்பில் ஒரு தடவை இல்லை, பல தடவை ‘இந்த ஆண்டின் ஜாஸ் கலைஞர்’.

இதைச் சொன்னதும் நம்ம வாயிலிருந்து முதலில் வருவது என்ன? “அட, நம்ம ஆளு!” அதற்கு அடுத்த வரியும் தயாராக இருக்கும்: “கணக்குல புலி, சங்கீதம் ரத்தத்துலேயே இருக்கு.”

‘ஐயர்’ என்ற பெயரைக் கேட்டதுமே மனசுக்குள் ஒரு படம் ஓட ஆரம்பித்துவிடும். சபா, டிசம்பர் சீசன், மூன்று வயதில் சரளி வரிசை. தமிழ்நாட்டில் பெயருக்குப் பின்னால் சாதி போடும் வழக்கம் பெரும்பாலும் போய்விட்டது. வெளிநாடு போன பல குடும்பங்களில் அது குடும்பப் பெயராகவே நின்றுவிட்டது. அந்தப் பெயரை வைத்து நாம் ஓட்டும் படம் இவர் விஷயத்தில் பொருந்தவே பொருந்தாது.

அவருடைய இசை எங்கிருந்து வந்தது என்று கேட்டால், அவரே திரும்பத் திரும்பச் சொல்லும் பதில் வேறு. ரத்தத்திலிருந்து இல்லை, மனிதர்களிடமிருந்து. குறிப்பாக, கறுப்பின அமெரிக்க இசைக்கலைஞர்களிடமிருந்து. ‘நம்ம ஆளு’ என்று சொல்லும்போது நாம் முதலில் அழிப்பது அந்த மனிதர்களைத்தான். இன்றைக்கு அவர்களையும் சேர்த்துத்தான் பேசப் போகிறோம்.

முதல்ல, ஜாஸ்னா என்ன?

ஜாஸை காபி ஷாப்பில் பின்னணியில் ஓடும் மென்மையான சத்தமாக மட்டும் தெரிந்தவர்களுக்காக ஒரு நிமிஷம்.

ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட மக்களின் வாரிசுகள், அமெரிக்காவின் தெற்கில், நியூ ஆர்லியன்ஸ் பக்கம், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உருவாக்கிய இசை இது. புளூஸ், தேவாலயப் பாட்டு, அணிவகுப்பு பேண்டு வாத்தியங்கள் எல்லாம் இதில் கலந்திருக்கின்றன.

வாசிக்கும் முறை நமக்கு ரொம்ப அந்நியம் இல்லை. கச்சேரியில் கீர்த்தனையைப் பாடிவிட்டு அதற்குள்ளேயே கல்பனாஸ்வரம் போடுவார்கள் இல்லையா? தாளச் சுற்று மாறாது, ஆனால் ஒவ்வொரு சுற்றிலும் புதுசாக ஏதாவது பிறக்கும். ஜாஸிலும் முதலில் ஒரு மெட்டை வாசிப்பார்கள். பிறகு அந்த மெட்டுக்கு அடியில் இருக்கும் சுருதிக்கோவைகளின் சுற்று, அதாவது கார்டுகளின் வரிசை, திரும்பத் திரும்ப ஓடும். அதன் மேல் ஒவ்வொருவரும் அந்த நொடியில் தோன்றுவதை வாசிப்பார்கள். கடைசியில் மறுபடி மெட்டுக்கு வந்து முடிப்பார்கள்.

பெரிய வித்தியாசம் ஒன்று உண்டு. நம்மிடம் ராகம்தான் வழிகாட்டி. அங்கே கார்டுகள் வழிகாட்டி. இன்னொன்று, ஜாஸ் பியானோ டிரியோவில் மூன்றே பேர்தான்: பியானோ, ஆள் உயரத்துக்கு நிற்கும் டபுள் பாஸ், டிரம்ஸ். இந்த மூன்றில் எது ‘பக்கவாத்தியம்’ என்று நல்ல டிரியோவில் சொல்லவே முடியாது.

அக்காவின் பியானோ

விஜய் ஐயர் பிறந்தது 1971-ல், நியூயார்க் மாநிலத்தின் ஆல்பனி நகரத்தில். வளர்ந்தது அதே மாநிலத்தில், ராச்செஸ்டர் பக்கம். மூன்று வயதில் கையில் வயலின் கொடுத்தார்கள். ஆனால் அது கர்நாடக வயலின் இல்லை, மேற்கத்திய சாஸ்திரிய வயலின். பதினைந்து வருஷம் முறையாகக் கற்றார்.

வீட்டில் ஒரு பியானோ இருந்தது. அதில் வகுப்புக்குப் போய்ப் படித்தது அக்கா. தம்பிக்கு யாரும் சொல்லித் தரவில்லை. காதால் கேட்டதைக் கையால் தேடித் தேடி வாசித்தார். இன்று உலகம் எந்த வாத்தியத்துக்காக அவரைக் கொண்டாடுகிறதோ, அதைப் பெரும்பாலும் அவர் தானாகத்தான் கற்றுக்கொண்டார்.

படிப்பு யேல் பல்கலைக்கழகத்தில், கணிதமும் இயற்பியலும். அடுத்து இயற்பியலில் ஆராய்ச்சி செய்ய கலிஃபோர்னியாவின் பெர்க்லி. இதுவரைக்கும் நம்ம வீட்டு அப்பாக்கள் சந்தோஷப்படும் பயோடேட்டா.

பெர்க்லிக்குப் பக்கத்து நகரம் ஓக்லண்ட். பிளாக் பேந்தர் இயக்கம் 1966-ல் தொடங்கிய ஊர் அது. அங்கே இருந்த ஜாஸ் கிளப்புகளில், அவரைவிட ரொம்ப மூத்த கறுப்பினக் கலைஞர்களோடு உட்கார்ந்து வாசிக்க ஆரம்பித்தார். பகலில் இயற்பியல், இரவில் இது.

1990-களின் நடுவில் இரண்டு பேர் அவர் வாழ்க்கைக்குள் வருகிறார்கள். ஒருவர் சாக்ஸஃபோன் கலைஞர் ஸ்டீவ் கோல்மன். சிகாகோவில் வளர்ந்தவர், தாளத்தைப் பற்றி வெறித்தனமாக யோசிப்பவர். விஜய்யைத் தன் குழுவில் சேர்த்துச் சுற்றுப்பயணம் கூட்டிக்கொண்டு போனார். இன்னொருவர் ஜார்ஜ் லூயிஸ். டிராம்போன் வாசிப்பவர், கம்ப்யூட்டரோடு சேர்ந்து வாசிப்பதில் முன்னோடி, பெரிய அறிஞர். கறுப்பினக் கலைஞர்கள் 1965-ல் சிகாகோவில் தங்களுக்காகத் தாங்களே தொடங்கிய ஏ.ஏ.சி.எம். என்ற சங்கத்திலிருந்து வந்தவர்.

விஜய்யின் முதல் ஆல்பம் ‘மெமரோஃபீலியா’ 1995-ல் வந்தது. வெளியிட்டது ‘ஏஷியன் இம்ப்ரூவ்’ என்ற சின்ன நிறுவனம். சான் ஃபிரான்சிஸ்கோ பக்கத்து ஆசிய அமெரிக்கக் கலைஞர்கள், கறுப்பினக் கலைஞர்களின் அந்த மாதிரிச் சங்கங்களைப் பார்த்துத் தாங்களும் தொடங்கியது. “பெரிய கம்பெனி நம்மைக் கூப்பிடும் என்று காத்திருக்காதே, நீங்களே கூடி நடத்துங்கள்” என்ற பாடத்தையும் அங்கிருந்துதான் எடுத்துக்கொண்டார்கள்.

இதற்கெல்லாம் பின்னால் ஒரு பெயர் இருக்கிறது: தெலோனியஸ் மங்க். 1917-ல் பிறந்து 1982-ல் இறந்த மேதை. விஜய் தன் மேல் அதிக பாதிப்பு செலுத்தியவராகச் சொல்வது இவரைத்தான். மங்க் வாசிப்பதை முதல் தடவை கேட்டால் “தப்பான கட்டையில் விரல் பட்டுவிட்டதோ” என்று தோன்றும். அடுத்த சுற்றில் அதே ‘தப்பு’ அதே இடத்தில் இன்னும் அழுத்தமாக வரும். அப்போதுதான் அது தப்பே இல்லை என்று புரியும். மங்கிடம் இன்னொரு விஷயம், வாசிக்காமல் விடும் இடங்கள். அந்த மௌனத்துக்கும் தாளம் உண்டு.

மூச்சு, நடை, பேச்சு

சரி, இயற்பியல் என்ன ஆச்சு? விட்டுவிட்டார். ஆனால் ஆராய்ச்சியை விடவில்லை. பெர்க்லியிலேயே பல துறைகளைச் சேர்த்து, இசையை மனிதன் எப்படி உணர்கிறான் என்று ஆராய்ந்து, 1998-ல் முனைவர் பட்டம் வாங்கினார். ஆய்வு மேற்கு ஆப்பிரிக்க இசையையும் கறுப்பின அமெரிக்க இசையையும் பற்றியது.

ஆய்வின் மையக் கருத்தை எளிமையாகச் சொல்கிறேன். தாளம் என்பது மூளைக்குள் ஓடும் எண்ணிக்கை மட்டும் இல்லை. அது உடம்பில் இருக்கிறது. ஒரு முழு இசைச் சொற்றொடரின் நீளம் ஏறக்குறைய நம் மூச்சின் வேகத்தில் இருக்கிறது. நாம் காலால் தட்டும் அடி, நடையின் வேகத்திலும் இதயத் துடிப்பின் வேகத்திலும் இருக்கிறது. அதற்குள் வரும் பொடிப் பொடிச் சொற்கள், நாக்கும் விரலும் அசையும் வேகத்தில், அதாவது பேச்சின் வேகத்தில் இருக்கின்றன. மூச்சு, நடை, பேச்சு. இந்த மூன்று வேகமும் ஒரே நேரத்தில் ஓடுவதுதான் நமக்கு ‘குரூவ்’ ஆகக் கேட்கிறது.

திருச்செந்தூர்க்காரர்களுக்கு இதைப் புரியவைக்க ஆய்வகம் தேவையே இல்லை. தைப்பூசத்துக்கு முன்னாடி எங்கள் ஊர்ச் சாலைக்கு வந்து பாருங்கள். திருநெல்வேலியிலிருந்தும் அதற்கு அப்பாலிருந்தும் பச்சை வேட்டி கட்டிக் கூட்டம் கூட்டமாக நடந்து வருவார்கள். பல நாள் நடந்து கால் வீங்கியவர்கள் இருப்பார்கள். காவடிச் சிந்து மெட்டில் ஒரு பாட்டு எழும்பி, மேளம் ‘தகிட தகிட’ என்று மூன்று மூன்றாகப் புரள ஆரம்பித்ததும், நொண்டிக்கொண்டு வந்த கால் ஆட ஆரம்பிக்கும். யாரும் உள்ளே ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவதில்லை. கால் எண்ணிக்கொள்கிறது.

ஆய்வில் எனக்கு ரொம்பப் பிடித்த இன்னொரு விஷயம். பாப் பாட்டிலும் ஃபங்கிலும் இரண்டாவது, நாலாவது அடியில் ‘டப்’ என்று ஸ்னேர் டிரம் விழும் இல்லையா? நல்ல டிரம்மர் வாசிக்கும்போது அது கடிகாரம் சொல்லும் இடத்தில் துல்லியமாக விழுவதில்லை. மில்லி செகண்டுகளில் அளக்கும் அளவு, மிக லேசாகப் பிந்தி விழும். பிந்துகிறது என்று காதுக்குத் தெரியாது. ஆனால் ‘ஆஹா’ என்று சாய்ந்துகொள்ளும் அந்தச் சுகம் அங்கிருந்து வருகிறது. அதற்கு மனித உடம்பு வேண்டும், கூட வாசிப்பவரின் மூச்சை உணரும் பழக்கம் வேண்டும்.

அதனால்தான் விமர்சகர்கள் தன் இசையை ‘கணக்கு மாதிரி இருக்கு’, ‘மூளை சம்பந்தப்பட்டது’ என்று எழுதும்போது விஜய் எரிச்சலடைகிறார். ஆசிய முகம், யேல் கணிதப் பட்டம் இரண்டையும் பார்த்துவிட்டு, காதால் கேட்காமலே எழுதும் வார்த்தைகள் அவை. கறுப்பினக் கலைஞர் வாசித்தால் ‘உள்ளுணர்வு’, இந்திய முகம் வாசித்தால் ‘கணக்கு’. இரண்டுமே அவமரியாதைதான். ஒன்று அவர்களின் அறிவை மறைக்கிறது, இன்னொன்று இவரின் உடம்பை.

5, 8, 13

அப்போ கணக்கே இல்லையா என்றால், இருக்கிறது. ஆனால் அது எப்படி வேலை செய்கிறது என்பதைப் பாருங்கள்.

2009-ல் ‘ஹிஸ்டாரிசிட்டி’ என்ற ஆல்பம் வந்தது. கிராமி பரிந்துரை வரைக்கும் போனது. விஜய்யோடு பாஸில் ஸ்டீஃபன் கிரம்ப், டிரம்ஸில் மார்க்கஸ் கில்மோர். இந்த மார்க்கஸ், ராய் ஹெய்ன்ஸ் என்ற மகா டிரம்மரின் பேரன்.

இதில் ‘மிஸ்டிக் புரூ’ என்று ஒரு டிராக். மூலம், ரானி ஃபாஸ்டர் என்ற ஆர்கன் கலைஞர் 1972-ல் வெளியிட்டது. அதையே 1993-ல் ‘எ டிரைப் கால்டு குவெஸ்ட்’ என்ற ஹிப்ஹாப் குழு ‘எலெக்ட்ரிக் ரிலாக்சேஷன்’ பாட்டில் எடுத்து வைத்துக்கொண்டது. ராப் கேட்கிறவர்களுக்கு அந்த பேஸ்லைன் தூக்கத்தில் கேட்டாலும் தெரியும்.

விஜய் டிரியோ அதை வாசிக்கும்போது தாளச் சுற்றைச் சரிபாதியாகப் பிரிக்காமல், ஒரு பக்கம் கொஞ்சம் நீளமாக, ஒரு பக்கம் கொஞ்சம் குட்டையாகப் பிரிக்கிறார்கள். 5-க்கு 3, 8-க்கு 5, 13-க்கு 8. முந்தின இரண்டைக் கூட்டினால் அடுத்தது வரும் அந்த ஃபிபனாச்சி வரிசை. இதைப் பற்றி அவரே ‘கார்டியன்’ நாளிதழில் எழுதினார். அவர் சொல்லும் விஷயம் இது: 5-க்கு 3 என்ற விகிதத்தில் ஒரு ஆட்டம் காலில் ஏறிவிட்டால், 8-க்கு 5 வரும்போதும் ஏறக்குறைய அதே ஆட்டமாகத்தான் உடம்பு உணரும். எண்கள் பெரிதாகும், ஆட்டம் மாறாது.

இந்த எண்களுக்கு நம் பக்கம் ஒரு பழைய சொந்தம் உண்டு. இத்தாலியின் ஃபிபனாச்சி இதை எழுதும் முன்பே இந்திய யாப்பு அறிஞர்கள் இதைக் கண்டிருக்கிறார்கள். விரஹாங்கர், 12-ஆம் நூற்றாண்டின் ஹேமசந்திரர் எல்லாரும் பேசியிருக்கிறார்கள். அவர்கள் கேட்ட கேள்வி நமக்கும் புரியும். குறிலுக்கு ஒரு மாத்திரை, நெடிலுக்கு இரண்டு மாத்திரை. அப்படியானால் நாலு மாத்திரையை எத்தனை விதமாக நிரப்பலாம்? விரல் விட்டு எண்ணுங்கள். நாலு குறில், நெடில் குறில் குறில், குறில் நெடில் குறில், குறில் குறில் நெடில், நெடில் நெடில். ஐந்து விதம். ஐந்து மாத்திரைக்கு எட்டு விதம். ஆறுக்குப் பதின்மூன்று. அவர்கள் எண்ணியதும் மூளைக் கணக்குக்காக இல்லை, வாயால் சொல்லும் செய்யுளுக்காக. மறுபடியும் பேச்சு.

அதே ஆல்பத்தில் இன்னொரு டிராக், ‘கலாங்’. எம்.ஐ.ஏ. பாடியது! லண்டனில் பிறந்து, யாழ்ப்பாணத்தில் சிறு வயதைக் கழித்து, போரால் மறுபடி லண்டன் போன மாதங்கி அருள்பிரகாசத்தின் முதல் ஹிட்களில் ஒன்று. அதை பியானோ, பாஸ், டிரம்ஸ் மூன்றும் சேர்ந்து கலவரம் மாதிரி வாசிக்கிறார்கள். புலம்பெயர்ந்த தமிழ்ப் பிள்ளைகள் இருவர் சந்திக்கிற இடம். அந்த இடம் கீர்த்தனை இல்லை, கறுப்பின இசையிலிருந்து பிறந்த நடன இசை என்பதையும் கவனிக்கணும்.

அப்போ கர்நாடக சங்கீதம்?

இருக்கிறது. ஆனால் பிறப்புரிமையாக வரவில்லை. வளர்ந்த பிறகு, ஜாஸ் வழியாகப் போய்த் தேடி எடுத்துக்கொண்டது. 2011-ல் ‘தீர்த்தா’ என்ற ஆல்பத்தில், கர்நாடக இசையை கிட்டாரில் வாசிக்கும் பிரசன்னாவோடும் தபலா கலைஞர் நிதின் மித்தாவோடும் சேர்ந்தார். ‘இந்திய ஜாஸ் ஃபியூஷன்’ என்று கேட்டதும், சிதாரைத் தூவி அலங்கரித்த ஒன்றை எதிர்பார்ப்போம். இது அப்படி இல்லை. யாரும் யாருக்கும் மசாலா தூவவில்லை. மூன்று பேரும் தங்கள் தங்கள் கை வழக்கத்தோடு வந்து, ஒருவரை ஒருவர் கேட்கிறார்கள்.

2015-ல் வந்த ‘பிரேக் ஸ்டஃப்’ ஆல்பத்தில் ‘மிஸ்டரி உமன்’ என்று ஒரு டிராக் இருக்கிறது. அதன் தாள ஓட்டம் தென்னிந்தியத் தாளவாத்திய முறைக்குக் கடன்பட்டது. மிருதங்கம் கிடையாது. ஆனால் பியானோ, பாஸ், டிரம்ஸ் மூன்றும் சேர்ந்து அந்தச் சொற்கட்டின் புரளலைக் கொண்டுவருகின்றன. அதே ஆல்பத்தில் டெட்ராய்ட் டெக்னோ கலைஞர் ராபர்ட் ஹூடுக்கு ஒரு காணிக்கை, மங்கின் ஒரு மெட்டு, கோல்ட்ரேனின் ஒரு மெட்டு. எல்லாம் ஒரே மேஜையில். யாரிடமிருந்து என்ன எடுத்தேன் என்று பெயர் சொல்லித்தான் எடுக்கிறார்.

கடன்

இப்போது கொஞ்சம் வரலாறு. விஜய்யின் அப்பா அம்மா தலைமுறைத் தமிழர்கள் அமெரிக்கா போக முடிந்தது எப்படி?

1965-க்கு முன் இந்தியாவிலிருந்து வருஷத்துக்கு நூறு பேருக்குத்தான் குடியேற இடம். அந்த நூறுமே 1946-ல் கிடைத்தது. 1965 அக்டோபரில் குடியேற்றச் சட்டம் மாறியது. நாடு, இனம் பார்த்துப் பங்கு வைக்கும் முறை போனது. டாக்டர், இன்ஜினியர், விஞ்ஞானிகளுக்குக் கதவு திறந்தது. அதே வருஷம் மார்ச்சில்தான் அலபாமாவின் செல்மாவில், ஓட்டுரிமை கேட்டு நடந்த கறுப்பின மக்களைப் போலீஸ் அடித்து நொறுக்கியது. ஆகஸ்டில் ஓட்டுரிமைச் சட்டம் வந்தது. இனம் பார்த்துச் சட்டம் போடுவது வெட்கக்கேடு என்று ஒரு நாட்டையே ஒத்துக்கொள்ள வைத்தது அவர்கள் ரத்தம். அந்த அலையில்தான் நம் ஆட்களுக்கான கதவும் திறந்தது.

நம் வீட்டு வாட்ஸ்அப் குரூப்பில் ‘கஷ்டப்பட்டுப் படிச்சோம், முன்னேறினோம்’ என்றுதான் இந்தக் கதை வரும். கஷ்டப்பட்டது உண்மை. ஆனால் கதவைத் திறந்தது யார் என்ற பாதி அதில் இருக்காது.

2014-ல் யேலில், ஆசிய அமெரிக்க முன்னாள் மாணவர்கள் கூடிய இடத்தில் விஜய் பேசினார். வாழ்த்திப் பேசுவார் என்று எதிர்பார்த்திருப்பார்கள். அவர் கேட்டது வேறு. இங்கே ‘வெற்றி பெற்றவர்’ என்றால், இந்த நாடு நடக்கும் விதத்துக்கும் நாம் ஏதோ ஒரு அளவில் உடந்தைதானே? நம் வெற்றி யாருடைய இழப்போடு சேர்ந்து வந்தது? கேட்க உறுத்தலான பேச்சு. தன்னையும் சேர்த்துத்தான் சொன்னார்.

இது மேடைப் பேச்சோடு நிற்கவில்லை. 2001-ல் ஈரான் இயக்குநர் ஜாஃபர் பனாஹி, ஒரு திரைப்பட விழாவிலிருந்து இன்னொன்றுக்குப் போகும் வழியில், நியூயார்க் விமான நிலையத்தில் தடுத்து வைக்கப்பட்டு, சங்கிலியால் கட்டப்பட்டுத் திருப்பி அனுப்பப்பட்டார். தான் குற்றவாளி இல்லை என்று சக பயணிகளிடம் எந்த மொழியில் சொல்வது என்று தவித்ததை அவர் பிறகு எழுதினார். அதிலிருந்து பிறந்ததுதான் விஜய்யும் கவிஞர்-ராப்பர் மைக் லேடும் செய்த ‘இன் வாட் லாங்க்வேஜ்?’. விமான நிலையங்களில் தோலின் நிறத்தால் நிறுத்தப்படும் மனிதர்களின் குரல்கள். இதே இருவரும் 2013-ல், ஈராக், ஆப்கானிஸ்தான் போர்களிலிருந்து திரும்பிய வெள்ளையரல்லாத சிப்பாய்களின் கனவுகளை வைத்து ‘ஹோல்டிங் இட் டவுன்’ செய்தார்கள்.

2021-ல் வந்த ‘அனீஸி’ ஆல்பத்தின் முதல் டிராக் பெயர் ‘சில்ட்ரன் ஆஃப் ஃபிளிண்ட்’. மிச்சிகனில் ஃபிளிண்ட் என்ற ஊரில், 2014-ல் தண்ணீர் எடுக்கும் இடத்தை மாற்றியதில், குழாய்த் தண்ணீரில் ஈயம் கலந்தது. பெரும்பான்மை கறுப்பின மக்கள் வாழும் ஊர். குழந்தைகள் அதைக் குடித்தார்கள். ஆற்றுத் தண்ணீர் யாருக்கு, எப்படிப் போகிறது என்ற கேள்வியின் எடையைத் தாமிரபரணிக்காரர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை. அந்த டிராக்கில் கோஷம் எதுவும் இல்லை. மெல்லத் தொடங்கும் ஒரு மெட்டு, அமைதியாகவே இருக்க முடியாமல் தவிக்கும். அவ்வளவுதான்.

இதை நம்ம ஊருக்குக் கொண்டு வந்தால்

இப்போது என்னைக் கொஞ்சம் சங்கடப்படுத்தும் இடத்துக்கு வருகிறேன்.

அமெரிக்கர்கள் ஜாஸைக் கொண்டாடி, அதை உண்டாக்கியவர்களை முன்வாசல் வழியே விடாத காலம் ஒன்று இருந்தது. மேடையில் வாசிக்கலாம், அதே ஹோட்டலில் தங்க முடியாது. இதைக் கேட்டதும் நமக்குக் கோபம் வருகிறது. நல்லது.

நம் பக்கத்தில் சுடலைமாடன் கோயில் கொடைக்குப் போயிருக்கிறீர்களா? நள்ளிரவில் கணியான் கூத்து நடக்கும். அண்ணாவி கதை பாடுவார், பெண் வேடமிட்ட ஆண்கள் ஆடுவார்கள், பின்னால் மகுடம் அதிரும். வட்டச் சட்டத்தில் தோல் கட்டிய வாத்தியம். நெல்லை, தூத்துக்குடி, குமரி வட்டாரத்துக்கே உரிய கலை. கணியான் சமூகத்தினர் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றி வருவது. அந்த மகுடம் ஏறும்போது சாமியாடிகள் மட்டுமில்லை, ஓரமாக நின்று போனில் வீடியோ எடுப்பவனின் காலும் ஆடும். மூச்சு, நடை, பேச்சு எல்லாம் அங்கே இருக்கிறது.

அந்த மகுடக்காரரின் பெயர் நமக்குத் தெரியுமா? கொடை முடிந்ததும் அவர் எங்கே உட்கார்ந்து சாப்பிட்டார்? நையாண்டி மேளக்காரர்கள், பறை அடிப்பவர்கள், இவர்களிடமிருந்து எத்தனை சினிமாப் பாட்டு ‘குத்து’ எடுத்திருக்கிறது? அதில் எத்தனை இடத்தில் பெயர் போட்டிருக்கிறோம்?

விஜய் ஐயரைப் பற்றிப் பெருமைப்பட ஒரு காரணம் தேடினால், எனக்கு இதுதான் பெரிய காரணமாகத் தெரிகிறது. யேலும் ஹார்வர்டும் பயோடேட்டாவில் இருக்கிற ஒருவர், தன் படிப்பைக் காட்டித் தன்னை உயர்த்திக்கொள்ளாமல், “எனக்குச் சொல்லித் தந்தவர்கள் இவர்கள்” என்று முப்பது வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறார். எழுத்தில் சொல்கிறார், வகுப்பில் சொல்கிறார், மங்கின் மெட்டை வாசித்துச் சொல்கிறார். 1941-ல் மிசிசிப்பியில் பிறந்த டிரம்பெட் மேதை வடாடா லியோ ஸ்மித்தின் குழுவில் பல வருஷம் வாசித்து, 2016-ல் அவரோடு இருவர் மட்டுமே வாசிக்கும் ஒரு ஆல்பம் செய்தார். அதில் கேட்டுப் பாருங்கள். இளையவர் எவ்வளவு நேரம் வாசிக்காமல் காத்திருக்கிறார் என்று.

எங்கிருந்து கேட்க ஆரம்பிக்கலாம்?

புதுசாகக் கேட்பவர்களுக்கு ஒரு வரிசை. எல்லாமே ஸ்ட்ரீமிங்கில் தேடிக் கேட்கலாம்.

ஒன்று, ‘ஹ்யூமன் நேச்சர்’. மைக்கேல் ஜாக்சன் பாட்டு. 2010-ல் வந்த ‘சோலோ’ ஆல்பத்தின் முதல் டிராக், பியானோ மட்டும். மெட்டு உங்களுக்கு ஏற்கெனவே தெரியும் என்பதால் அவர் எங்கே விலகுகிறார், எங்கே திரும்புகிறார் என்று பிடிப்பது சுலபம். 2012-ல் வந்த ‘ஆக்ஸலராண்டோ’வில் இதையே டிரியோவாக வாசித்திருக்கிறார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேளுங்கள்.

இரண்டு, ‘மிஸ்டிக் புரூ’. முதலில் ரானி ஃபாஸ்டர், அடுத்து டிரைப் கால்டு குவெஸ்ட், கடைசியில் விஜய் டிரியோ. இந்த வரிசை முக்கியம். எண்ண வேண்டாம், தலையை ஆட்டுங்கள் போதும்.

மூன்று, ‘மிஸ்டரி உமன்’. தவிலோ மிருதங்கமோ கேட்டு வளர்ந்த காது உங்களுக்கு இருந்தால் இங்கே ஒரு சிரிப்பு வரும்.

நாலு, ‘சில்ட்ரன் ஆஃப் ஃபிளிண்ட்’. இதில் டிரம்ஸ் டைஷான் சோரி, பாஸ் லிண்டா மே ஹான் ஓ. பஸ்ஸில் கேட்க வேண்டாம், ராத்திரி ஹெட்போனில் கேளுங்கள்.

ஐந்து, விஜய் ஐயரை விட்டுவிட்டு, தெலோனியஸ் மங்க் தனியாக வாசித்த எதையாவது ஒன்று. இதைக் கடைசியில் சொன்னதால் கடைசியில்தான் கேட்கணும் என்றில்லை. முதலிலேயே கேட்டாலும் சரி.

ஒரு சின்ன வேலையும் தருகிறேன். உங்கள் ஊர்க் கொடையிலோ திருவிழாவிலோ மேளம், மகுடம், தவில், பறை எது வாசித்தாலும், முடிந்ததும் போய் வாசித்தவரின் பெயரைக் கேளுங்கள், யாரிடம் கற்றார் என்றும் கேளுங்கள். அவர் சம்மதித்தால் அந்தக் குரலை ஒரு நிமிஷம் பதிவு பண்ணி எங்களுக்கு அனுப்புங்கள். போதுமான அளவு சேர்ந்தால் அதை மட்டுமே வைத்து ஒரு எபிசோடு போடுவோம். அதில் நான் ரொம்பப் பேச மாட்டேன்.

அடுத்த வாரம் பார்ப்போம்.